த்ரான் என்று பெயரெடுத்த மங்கோ இம்ரி

ஸ்காட்லாந்தின் ஆங்கஸ் மலையடிவாரத்தில் மங்கோ இம்ரியை எல்லோரும் 'த்ரான்' என்றுதான் சொல்வார்கள். பழைய ஸ்காட்டுச் சொல். முறுக்குவதைக் குறித்த ஒரு தொன்மையான வினையிலிருந்து பிறந்தது. முதலில் கோணல் மரத்துக்குச் சொன்னார்கள், அப்புறம் மனுஷன் குணத்துக்கும் ஒட்டிக்கொண்டது. நாம் 'முறுக்கிக்கொண்டு திரிகிறான்' என்கிறோமே, அதே கதைதான். வெறும் பிடிவாதம் என்று நினைத்துவிடாதீர்கள். மழை வருது, கோட்டுப் போட்டுக்கோ என்றால், சொன்னதற்காகவே கோட்டைக் கழற்றி வைத்துவிட்டுப் போகிறானே, அவன்தான் த்ரான்.

ஏரோட்டியான மங்கோவின் குடும்பம் சர்ச்சுக்குள் உட்காரும் பெஞ்சை எடுத்துவிட்டு, போதகர் அங்கே குளிருக்குக் கணப்படுப்பு வைத்தார். அவ்வளவுதான். "இனி இந்த வாசப்படிய மிதிச்சா என் பேரு மங்கோ இல்ல!" என்று கத்திவிட்டு வந்தவர், ஞாயிறுதோறும் கல்லறைத் தோட்டத்து மதில்மேல் உட்கார்ந்து, கொட்டுகிற மழையிலும், உள்ளே இருப்பவர்களைவிட உரக்கச் சங்கீதம் பாடுவார். சாமிமேல் அவருக்கு என்ன கோபம்?

மகள் எல்ஸ்பெத்துக்குக் கல்யாணம் கூடியது. வீட்டிலேயே போதகர் வந்து நடத்திவைப்பதும் இந்தப் பக்கத்து வழக்கம்தான். மங்கோ அதைச் சொன்னதும் எல்ஸ்பெத் சீறினாள்.

"சர்ச்சுலதான். அப்பா பக்கத்துல நிக்கணும். இல்லேன்னா கல்யாணமே வேணாம்."

"யாரு மாதிரி பேசுது பாரேன்!" என்றார் மங்கோ.

"கண்ணாடியப் போய்ப் பாருங்க," என்றாள் மனைவி டீனா.

கல்யாணத்தன்று மணப்பெண் சர்ச்சுக்குத் தனியாக வந்து நின்றாள். "அப்பா வராம ஆரம்பிக்காதீங்க" என்று போதகரிடம் சொல்லிவிட்டாள். மாப்பிள்ளைக்கு முகம் வெளுத்துவிட்டது. சபை முழுக்கக் கிசுகிசு.

அப்போது ஜன்னல் கிறீச்சிட்டுத் திறந்தது. முதலில் ஒரு பூட்ஸ் வந்தது, பிறகு இன்னொன்று. கடைசியில் நல்ல கோட்டுப் போட்ட மங்கோ முழுசாக வந்து, கீழே இருந்த அந்தக் கணப்படுப்பின்மேலேயே இறங்கினார். நல்லவேளை, கோடைகாலம்.

"வாசப்படிய மிதிக்கல. எல்லாரும் பாத்துக்குங்க!"

கரி அப்பிய கையோடு மகளின் கையைப் பிடித்துக்கொண்டார். போதகர் சிரிப்பை இருமலாக்கிச் சமாளித்தார்.

கல்யாணம் நல்லபடியாக முடிந்தது. எல்லோரும் வாசலுக்குப் போக, மங்கோ மட்டும் ஜன்னல் பக்கம் திரும்பினார். எல்ஸ்பெத் மாப்பிள்ளையின் கையை விட்டுவிட்டு ஓடிவந்தாள்.

"நகருங்கப்பா. நான் முதல்ல ஏறுறேன்."

"அடியே, உனக்கென்ன பைத்தியமா?"

"நீங்க மட்டும் தனியாப் போவீங்களா?"

மங்கோ ஒதுங்கி வழிவிட்டார். ஜன்னல் சட்டத்தில் மாட்டிக் கிழியாமல் அந்த வெள்ளை உடையின் ஓரத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, கண்ணைத் துடைக்கக் கை இல்லாமல் நின்றார்.