கறுப்பு நூலும் பச்சைப் பெட்டியும்

என் மேசை இழுப்பறையில் ஒரு பச்சை நிறப் பிளாஸ்டிக் சவர்க்காரப் பெட்டி இருக்கிறது. பயணம் போகிறவர்கள் குளிக்கிற சோப்பு வைத்துக் கொண்டுபோகிற வகை. மூடியில் ஒரு மூலை உடைந்துவிட்டது. அதற்குள் ஒருநாளும் சவர்க்காரம் இருந்ததில்லை. கனடாவின் மொன்றியலில், சென்ட் லோரன்ட் பக்கம் ஒரு மாத்திரைத் தொழிற்சாலையில் நான் வேலை செய்த ஒன்பது ஆண்டுகளும், காலை ஏழு மணி தொடங்கிப் பிற்பகல் மூன்று மணி வரை, அதற்குள் என் தாலி கிடந்தது.

மாத்திரைகளைப் போத்தலில் அடைக்கிற மண்டபத்துக்குள் மோதிரம், சங்கிலி, கைக்கடிகாரம் எதுவும் போடக்கூடாது. ஒரு துண்டு உடைந்து போத்தலுக்குள் விழுந்தால் யாரோ ஒரு நோயாளியின் வாய்க்குள் போய்விடும். நியாயமான விதிதான். நான் யாழ்ப்பாணத்துக் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவள். என்னுடையது புறா பொறித்த தாலி. வேலைக்குச் சேருவதற்கு முதல் நாள் மாலை அதைப் பற்றி வீட்டில் முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு சொன்னேன். என் கணவருக்கு எதையும் பகிடியாக்கினால்தான் சமிக்கும். "கழட்டி வைச்சா என்ன? தாலி கோவிச்சுக்கொண்டு ஊருக்குப் போயிடுமே?" என்றார். அடுத்த நாள் அந்தப் பச்சைப் பெட்டியை அவரே தேடி எடுத்துத் தந்தார். ஊரோடு ஒத்து வாழ வேண்டும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். ஒரு கிழமைக்குள் அது பல் தீட்டுவது போலப் பழகிவிட்டது.

மாத்திரை அடைக்கிற எங்கள் லைனுக்குத் தலைவியாக இருந்தவர் எத்தியோப்பியாவைச் சேர்ந்த ஒரு பெண். நாற்பத்தைந்து வயதிருக்கும். உயரமானவர், வலது முழங்காலில் வலி உள்ளவர், குரலை உயர்த்தாமலே இருபது பேரை வேலை செய்ய வைக்கக்கூடியவர். அவரை நான் அக்கா என்று அழைத்தேன். அந்தச் சொல்லின் பொருளைக் கேட்டு அறிந்த நாளிலிருந்து அவர் என்னைத் தங்கச்சி என்றுதான் கூப்பிட்டார். அந்த ஒரு சொல்லைத் தவிர மற்றதெல்லாம் பிரெஞ்சில். இருவருடைய பிரெஞ்சும் நொண்டி. அவர் கழுத்தில், சட்டைக் கொலருக்குக் கீழே, மெல்லிய கறுப்புப் பருத்தி நூல் ஒன்று இருந்தது. பதக்கம் கிடையாது, வெறும் நூல். நாவூறு கண்ணூறுக்குக் கட்டியதாக்கும் என்று முதலில் நினைத்தேன். ஞானஸ்நானத்தன்று கட்டுவது என்று பிறகு சொன்னார். அவர்களுடைய ஓர்த்தடொக்ஸ் திருச்சபையில் ஆண் குழந்தைக்குப் பிறந்து நாற்பதாம் நாளும் பெண் குழந்தைக்கு எண்பதாம் நாளும் ஞானஸ்நானம். அன்று கட்டுகிற நூல் நைந்து போனால் புது நூல் மாற்றலாம். கழுத்தை வெறுமையாக விடுவதில்லை. அடக்கம் செய்யும்போதும் அது கூடவே போகும்.

அவரோடு நான் நெருங்கியது என் பிழை ஒன்றால். அவர்களுடைய தவக்காலத்தில் அக்கா மத்தியானச் சாப்பாட்டுக்கு வராததைக் கவனித்து, விரதமாக்கும் என்று பரிதாபப்பட்டு, ஒருநாள் சுத்த சைவமாகச் சமைத்துக் கொண்டுபோனேன். நெய் விட்ட பருப்பு, தயிர்ப் பச்சடி, பிளாஸ்கில் பால் தேநீர். மச்சம் மாமிசமும் முட்டையும் இல்லாவிட்டால் விரதச் சாப்பாடு என்பதுதானே நம் ஆட்களின் சட்டம். அவர் சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்து பார்த்தார், மூடினார், "மூன்று மணிக்கு" என்றார். மூன்று மணிக்கு வேலை முடிந்து உடை மாற்றும் அறை வாங்குப் பலகையில் இருந்தபோது, என் மனம் நோகாதபடி மெதுவாகச் சொன்னார்: "பால் மாட்டிலிருந்து வருகிறது, தங்கச்சி." தவக்காலம் ஐம்பத்தைந்து நாளும் பால், தயிர், வெண்ணெய் எதுவும் இல்லை. பிற்பகல் மூன்று வரை தண்ணீரும் இல்லை. அதைவிட, ஆண்டு முழுவதும் பெரும்பாலான புதன், வெள்ளி. எல்லாம் சேர்த்தால் ஆண்டில் பாதிக்கு மேல் விரதம். வெள்ளிக்கிழமை இறைச்சியை விட்டுவிட்டு நண்டுக் கறி வைத்து, அதை ஒறுத்தல் என்று சொல்லிக்கொள்கிறவர்கள் நாங்கள். எனக்கு முகத்தை எங்கே வைப்பதென்று தெரியவில்லை.

என் சாப்பாட்டை அவர் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுக்கென்று கொண்டுபோனார். மறுநாள் மூன்று மணிக்கு, மிளகாய்த்தூள் போட்ட பருப்போடு இஞ்சேரா கொண்டுவந்தார். நம் அப்பத்தின் நடுப்பகுதியைப் போல மெத்தென்று, தோசையைவிடப் புளித்திருக்கும். நாள் முழுவதும் பச்சைத் தண்ணீர் படாத வாயோடு இருந்தவர், முதல் வாயைச் சுருட்டி எடுத்து எனக்கு ஊட்டினார். அது அவர்கள் வழக்கம், மறுக்கக்கூடாது. கலியாணத்தன்று கணவர் கேக் ஊட்டியதற்குப் பிறகு இன்னொருவர் கையால் நான் சாப்பிட்டது அன்றுதான்.

நான் சேர்ந்து மூன்றாவது ஆண்டில், எங்களிடம் மாத்திரை அடைக்கக் கொடுக்கிற நிறுவனத்திலிருந்து பரிசோதகர்கள் வந்தார்கள். அக்கா குனிந்து ஒரு பெட்டியை எடுத்தபோது நூல் வெளியே தொங்கியது. அவர்கள் குறித்துக்கொண்டார்கள். மேற்பார்வையாளர் கியூபெக் பெண்மணி, இரக்கமில்லாதவர் அல்ல. ஆனால் அடுத்த திங்களுக்குள் முடிவு வேண்டும் என்றார். நூலைக் கழற்றி லொக்கரில் வைத்தால் அக்கா தலைவியாகவே தொடரலாம். இல்லாவிட்டால் பின்புறக் களஞ்சியத்துக்குப் போய்ப் பெட்டி ஏற்றி இறக்க வேண்டும். கழுத்துவரை மூடிய சட்டையை உள்ளே போட்டுக்கொள்கிறேன் என்று அக்கா கேட்டுப் பார்த்தார். நூல் நூல்தான் என்று பதில் வந்தது. ஆறு ஆண்டு உழைத்து வாங்கிய இடம் அது. எங்கள் தொழிற்சாலையில் குடியேறி வந்த பெண்களில் அந்த இடத்துக்கு முதலில் வந்தவர் அவர்தான். அந்த முழங்காலோடு களஞ்சியத்தில் எத்தனை நாள் தாங்குவார் என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

மேற்பார்வையாளர் என்னைக் கூப்பிட்டு, நீதான் அவருக்கு நெருக்கம், நீயும் உன்னுடையதைக் கழற்றுகிறாய், நீ சொல்லிப் பார் என்றார். நான் சொன்னேன். அதை மறைக்க விரும்பவில்லை. வெள்ளிக்கிழமை மூன்று மணிக்கு அந்த வாங்கில் இருந்து, பச்சைப் பெட்டியைத் திறந்து காட்டி, நான் தாலியையே கழற்றுகிறேன் அக்கா, கடவுள் நூலைப் பார்ப்பாரா மனதைப் பார்ப்பாரா என்று பெரிய சுவாமியார் மாதிரிப் பிரசங்கம் வைத்தேன்.

அவர் கோபிக்கவில்லை. பெட்டியை வாங்கிப் பார்த்து, மூடித் திருப்பித் தந்துவிட்டுச் சொன்னார். இருபது வயதில் ஓர் அரபு நாட்டில் வீட்டு வேலைக்குப் போயிருந்தாராம். வீட்டு எசமானி நூலைக் கண்டு, இங்கே இது வேண்டாம் என்று சமையலறைக் கத்தரிக்கோலை மேசையில் வைத்தார். "அவர் என்னைத் தொடவில்லை. நான்தான் வெட்டினேன். வெட்டிய நூலை எங்கே வைப்பதென்று தெரியவில்லை, மேசையில் வைத்தேன். அவர் அதை வெங்காயத் தோலோடு கூட்டி அள்ளிக் குப்பையில் போட்டார். கெட்டவர் இல்லை. நல்ல சாப்பாடு தந்தார்." சற்று நேரம் முழங்காலைத் தேய்த்துக்கொண்டிருந்தார். "இரண்டு வருடம். செபிக்கும்போதெல்லாம் கை கழுத்துக்குப் போகும். அங்கே ஒன்றும் இருக்காது. ஒரு முறை போதும், தங்கச்சி."

திங்கட்கிழமை காலை கையெழுத்துப் போட்டுவிட்டுக் களஞ்சியத்துக்குப் போனார். போகும்போது, லைனை இவளிடம் கொடுங்கள், கைசுத்தமானவள் என்று என்னைக் காட்டிவிட்டும் போனார். எனக்கு வெட்கமாக இருந்தது. அன்று மாலை வீட்டில் அழுதேன். என் கணவர் முதல்முறையாகப் பகிடி விடவில்லை. "நீர் வேண்டாமெண்டா வேற ஆரும் எடுப்பினம். அவவுக்கு அது திரும்பி வராது" என்றார். நான் எடுத்துக்கொண்டேன்.

களஞ்சியக் கதவுகள் லொறிகளுக்காகத் திறந்தபடியே இருக்கும். மாசி மாதத்தில் மூச்சே உறையும். அங்கே பாரந்தூக்கி வண்டி ஓட்டியவரும் எத்தியோப்பியர், முஸ்லிம். பாரமான பெட்டிகள் அக்காவின் பக்கம் வராதபடி பார்த்துக்கொண்டார். ஒருவர் மதத்தினர் அறுத்த இறைச்சியை மற்றவர் தொடுவதில்லை. அது அவர்கள் நாட்டு வழக்கம். ஆனால் ரமழான் நோன்பு மாதத்தில் அக்கா அவருக்கு முன்னால் தண்ணீர்கூடக் குடிக்கமாட்டார். அக்காவின் விரத நாட்களில் அவர் தன் இறைச்சிச் சாப்பாட்டை லொறிக்குப் பின்னால் நின்று சாப்பிட்டுவிட்டு வருவார். இதைப் பற்றி அவர்கள் பேசிக்கொண்டு நான் கண்டதில்லை. எங்கள் ஆட்கள் கோயில் கமிட்டிக்கு அடிபடுவதைப் பார்த்துப் பழகிய எனக்கு அது பெரிய அதிசயம்.

அந்த ஆண்டு அவர்களுடைய பெரிய வெள்ளி எங்களுடையதற்குப் பிறகு வந்தது. அக்கா கூப்பிட, வேலைக்கு லீவு சொல்லிவிட்டுப் போனேன். சென்ட் மிஷேலில் வாடகைக்கு எடுத்த ஒரு மண்டபம். வாசலில் சேறு படிந்த பனிச்சப்பாத்துகள் குவிந்து கிடந்தன. எங்களைப் போலவே செருப்போடு உள்ளே போவதில்லை. பெண்கள் ஒரு பக்கம், ஆண்கள் ஒரு பக்கம், எல்லோரும் வெள்ளைப் போர்வை. காலையிலிருந்து பிற்பகல் வரை, செபம் சொல்லச் சொல்ல, நின்று குனிந்து நெற்றி நிலத்தில் படும்வரை விழுந்து எழும்பினார்கள். நூறுக்குப் பிறகு நான் எண்ணுவதை விட்டுவிட்டேன். நொந்த காலோடு அக்கா ஒருமுறைகூடத் தவறவிடவில்லை. ஒவ்வொரு முறை குனியும்போதும் அந்த நூல் வெளியே விழுந்தது, அவர் அதை உள்ளே தள்ளவில்லை. தொழிற்சாலையில் நாளுக்கு நூறு தடவை கொலரை இழுத்து விடுகிற கை, அன்று சும்மா இருந்தது. முடிவில் குருவானவர் பாவப் பரிகாரமாக இலைக்கொப்பு ஒன்றால் அவர் முதுகில் மெதுவாகத் தட்டினார். இப்படி ஒரு விசுவாசம் எனக்கு வாய்க்கவில்லையே என்று பொறாமைப்பட்டேன் என்பதே உண்மை.

இரண்டு பனிக்காலம் தாங்கினார். பிறகு முழங்கால் விட்டுவிட, மகனோடு கல்கரிக்குப் போனார். அவர் போன அடுத்த ஆண்டில் என் லைனுக்குப் புதிதாக ஒரு எத்தியோப்பியப் பெண் வந்தாள். இரண்டு பிள்ளைகளின் தாய். உடை மாற்றும்போது கழுத்தில் அதே கறுப்பு நூல். தலைவியாகிய நான்தான் விதியைச் சொல்ல வேண்டும். சொன்னேன். அவள் முடிச்சை அவிழ்த்து, நூலைக் கையில் வைத்துக்கொண்டு, வைக்க இடம் தேடுவது போல அறையைச் சுற்றிப் பார்த்தாள். பிறகு பேருந்துச் சீட்டும் மூக்குத் துடைத்த கடதாசியும் கிடந்த கோட்டுப் பைக்குள் அதை விடப் போனாள். நான் அவள் கையைப் பிடித்தேன். பச்சைப் பெட்டியைத் திறந்து, என் தாலிக்கு மேலே அந்த நூலை வைத்து மூடினேன். மூன்று மணிக்கு அவள் தலைமயிரை ஒதுக்கிக் குனிந்து நிற்க, நானே கட்டிவிட்டேன். இரண்டு முடிச்சு.

அந்த ஞாயிறு அக்காவுக்குத் தொலைபேசியில் சொன்னேன். சொல்லவே பயமாக இருந்தது. அவர் கழற்ற மறுத்துத் தன் இடத்தை இழந்தார். அந்த இடத்தில் இருந்துகொண்டு நான் இன்னொருத்தியைக் கழற்ற வைத்திருக்கிறேன். அவள் ஏன் சம்மதித்தாள் என்று அவர் கேட்கவில்லை. நீ ஏன் சொன்னாய் என்றும் கேட்கவில்லை. அவர் கேட்டது ஒன்றுதான்: "எங்கே வைத்தாள்?"

"என் பெட்டியில், அக்கா. என் தாலியோடு."

அந்தப் பக்கத்தில் மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. "நல்லது, தங்கச்சி" என்றார். "மூடி இறுக்கமாக இருக்கிறதா?"

இருக்கிறது என்றேன்.

அந்தத் தொழிற்சாலையை மூடிவிட்டார்கள். என் தாலி இப்போது நாள் முழுவதும் கழுத்திலேயே இருக்கிறது. பெட்டி வெறுமையாக இழுப்பறையில் கிடக்கிறது. மூடியின் உடைந்த மூலையில் ஒரு கறுப்பு நூல் இழை மாட்டிக்கொண்டு நிற்கிறது. எங்கேயாவது பயணம் வெளிக்கிடும்போதெல்லாம் என் கணவர் கேட்கிறார்: "நல்ல பெட்டி. கழுவிப்போட்டுத் தாருமன், சவுக்காரம் வைக்க."

நான் இன்னும் கழுவவில்லை.