செந்துறைப் பக்கம், வெடி போடாத ஒரு சாவு

புத்தகம் படித்துவிட்டு அதில் வரும் ஊரைப் பார்க்கக் கிளம்புகிற கிறுக்கு எனக்குப் பல வருடமாக உண்டு. இந்த முறை இழுத்துக்கொண்டு போனது ஒரு நாவல். எழுதியவர் செந்துறைப் பக்கத்துக்காரர். கூலிக் குடும்பங்களிலிருந்து பட்டாளத்துக்குப் போய், சண்டை பார்த்துத் திரும்பிய ஆட்களைப் பற்றியே எழுதுகிறவர். அந்த நாவலில் ஒருவன் தன் அப்பாவின் சாவு ஊர்வலத்தில் வெடிச் சத்தம் கேட்டதும், கையிலிருந்த கொள்ளிச்சட்டியைப் போட்டுவிட்டு ஓடுகிறான். ஊர் அவனைக் கடைசிவரை கேலி பேசுகிறது. மாசி மாதம் ஒரு சனிக்கிழமை கிளம்பினேன்.

பெரம்பலூரில் காலை ஏழு மணிக்கு அரியலூர் பஸ். முப்பது கிலோமீட்டர், ஒரு மணி நேரம். சிமெண்ட் லாரிக்குப் பின்னால் மாட்டினால் கூட ஆகும். ஜன்னலோர சீட்டுக்கு அடித்துக்கொள்ளாதீர்கள், சிமெண்ட் தூசியில் தலை நரைத்துத்தான் இறங்குவீர்கள். அரியலூரில் இட்லி சாப்பிட்டுவிட்டுச் செந்துறை பஸ் பிடித்தேன். அங்கே ஆண்டிமடம் முந்திரிக் காடுகள்வரை போய்வர ஆட்டோ பேசினேன், ஆயிரம் ரூபாய்.

ஓட்டுநர் பெயர் செல்வம். எதற்கு வந்தேன் என்று கேட்டார். நாவலின் கதையைச் சொன்னேன். வண்டியை ஓரங்கட்டிவிட்டார்.

"சார், எங்க ஊர்லயும் அப்படி ஒருத்தரு இருக்காரு. ராமலிங்கம்னு, மிலிட்டரிக்காரரு. யாரு செத்தாலும் வெடி போடறதுக்குள்ள பஸ் ஏறி அரியலூர் போயிடுவாரு. எல்லாம் முடிஞ்சாத்தான் வருவாரு. இன்னிக்கு அவங்கப்பாவே செத்துட்டாரு, எங்க போவாரு? நானும் தலையைக் காட்டணும். ஒரு எட்டு வாங்க, அப்புறம் ஆண்டிமடம் போவலாம்."

நாங்கள் போனபோது பாடை தயாராக இருந்தது. பந்தலுக்கு வெளியே சண்டை. அந்தப் பக்கத்தில் சம்பந்தி வீட்டார் மாலையோடு வெடியும் கொண்டுவர வேண்டும். கொண்டுவராவிட்டால் கேவலம், கொண்டுவந்ததைப் போடாவிட்டால் அதைவிடக் கேவலம். ராமலிங்கத்தின் மனைவி வளர்மதியின் அண்ணன் ஒரு கோணி நிறைய வெடி கொண்டுவந்திருந்தார்.

"வெடி இல்லாம தூக்குனா எங்களுக்கு வக்கில்லன்னுல்ல பேசுவானுங்க?" என்று கத்தினார்.

ராமலிங்கம் ஈர வேட்டியோடு நின்றார். "தம்பியைச் சட்டி தூக்கச் சொல்லுங்க, நான் போயிடறேன்" என்றார். மூத்தவன் குத்துக்கல்லாட்டம் இருக்க இளையவனா தூக்குவது என்று ஒருவர் எகிறினார்.

வளர்மதி உள்ளே போய் ஒரு குடம் தண்ணீரைத் தூக்கிவந்தார். கோணிக்குள் அப்படியே கவிழ்த்தார்.

"இப்ப போடுண்ணே பாப்போம். எங்க வூட்டுக்காரரு அவங்கப்பாவுக்குக் கொள்ளி வெக்கணும். எனக்கு அதான் முக்கியம்."

அண்ணன் முகம் செத்துப்போனது. "இனிமே உன் வூட்டு வாசப்படி மிதிச்சா ஏன்னு கேளு" என்று மாலையைப் பந்தல்காலில் மாட்டிவிட்டு, கூட வந்தவர்களையும் அழைத்துக்கொண்டு போய்விட்டார். வளர்மதி கூப்பிடவில்லை. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதார்.

முச்சந்தியில் பெண்கள் நின்றுவிட்டார்கள். நான் செல்வத்தோடு சுடுகாடுவரை நடந்தேன். ஒரு வெடிகூட வெடிக்கவில்லை. ஆனாலும் ராமலிங்கம் வழிநெடுகத் தோளைக் குறுக்கிக்கொண்டேதான் நடந்தார். பக்கத்தில் எவர் கை அசைந்தாலும் அவர் கண் அங்கே ஓடியது. சட்டியை மட்டும் விடவில்லை. கொள்ளி வைத்தார்.

போகிறவர்களுக்கு இரண்டு வார்த்தை. ஆட்டோவை அரியலூரில் பேசாதீர்கள், செந்துறையில் பேசுங்கள். மாசியிலேயே வெயில் மண்டையைப் பிளக்கும், தண்ணீர் கையில் இருக்கட்டும். வழியில் சாவு எதிர்ப்பட்டால் இறங்கி ஒதுங்கி நில்லுங்கள், தயவுசெய்து போனை வெளியே எடுக்காதீர்கள். ஆண்டிமடம் பற்றி என்னைக் கேட்காதீர்கள், நான் போகவில்லை. அதற்கு மேல் ஊர் பார்க்க மனசு வரவில்லை.

ஆட்டோ எடுக்கத் திரும்பி வந்தபோது, தலை முழுகிவிட்டு வந்த ராமலிங்கத்துக்கு வளர்மதி துண்டு நீட்டிக்கொண்டிருந்தார்.

"மனசாற அழுதீங்களா?" என்று கேட்டார்.

"எங்க அழுவறது? எவனாச்சும் மடியில ஒண்ணு வெச்சிருப்பானோன்னு ஒவ்வொருத்தனாப் பாத்துக்கிட்டே போனேன். கடைசியா அப்பா மூஞ்சியப் பாக்கச் சொன்னாங்க புள்ள. அப்பவும் நான் அவனுங்க கையத்தான் பாத்தேன்."