பால் ஊற்றிய கொடுவா

மீனில் யாராவது பால் ஊற்றுவார்களா? அதுவும் கொடுவாயில்? என் வீட்டுக்காரர் விடிகாலையில் ஏரியில் பிடித்துக்கொண்டு வந்த மீன். அதைத் தோல் உரித்து, ஒரு முள் விடாமல் பிடுங்கி, துண்டு போட்டுப் பாலில் வேகவைத்தார் என் தங்கையின் வெள்ளைக்காரப் புருஷன். எனக்கு வயிறு எரிந்தது. "தம்பி, இது வாணாம், ஒடம்புக்கு ஆவாது" என்றேன். அவருக்கு என் தமிழ் பாதிதான் புரியும். சிரித்துக்கொண்டே வெண்ணெய் எங்கே என்று கேட்டார்.

"அவங்க அம்மா செய்யறது இது, அக்கா. வெள்ளிக்கிழமை ஆனா அந்த வீட்ல இதான்" என்றாள் தங்கை. பாலும் மீனும் சேர்த்துச் சாப்பிட்டால் தோல் வெளுத்துப்போகும் என்று எங்களுக்குச் சோறு ஊட்டும்போதே சொல்லி வளர்த்திருக்கிறார்கள். பக்கத்து வீட்டு அத்தை வேலிக்கு மேலாக எட்டிப் பார்த்து, "அட, இதத் தின்னுத்தான் அந்த ஊரே வெளுத்துப் போச்சா?" என்றாள். தங்கை அதை மொழிபெயர்த்துச் சொன்னாள். எங்களைவிட அதிகமாகச் சிரித்தவர் அவர்தான்.

தங்கை அயர்லாந்தில் நர்ஸ். ஒன்பது வருஷத்துக்கு முன்னால் அங்கேயே இவரைக் கட்டிக்கொண்டாள். சேதி வந்த அன்று எங்கள் நைனா கோயில் வாசலில், ஊர் ஆம்பளைகள் அத்தனை பேர் முன்னாலும், "இனிமே அவ கையால பச்சத்தண்ணி வாங்கிக் குடிச்சா நான் மனுசனே இல்ல" என்று சொல்லிவிட்டார். சொன்ன சொல்லைக் காப்பாற்றுகிறாராம். ஏரியில் வலை கிழிந்தால் தைப்பார், படகு ஓட்டையானால் அடைப்பார், வாயிலிருந்து விழுந்ததை மட்டும் தொடமாட்டார். என்ன மனுஷன் இவர்!

அம்மா போனபோதும் அப்படித்தான் செய்தார். கடைசி மாதங்களில் அம்மாவுக்குத் தொண்டையில் எதுவும் இறங்காது. மீன் வேண்டும் என்பாள், முள்ளுக்குப் பயந்து தொடமாட்டாள். கஞ்சித் தண்ணீரிலேயே உயிரை வைத்திருந்து ஒருநாள் கண்ணை மூடினாள். தங்கை ஃபோனில் கதறினாள். "ஒரே ஒரு நாள் ஐஸ் பெட்டியில வை நைனா, அவ வந்துருவா" என்று நான் காலில் விழுந்தேன். முடியாது என்று சாயங்காலமே எடுத்துவிட்டார். நல்ல விலை கொடுக்கிற ஆள் வரட்டும் என்று இறாலை மூன்று நாள் ஐஸில் வைத்திருப்பார் இந்த மனுஷன். பெற்ற மகளுக்காக அம்மாவை ஒரு நாள் வைக்கக்கூடாதா?

அதற்குப் பிறகு அவள் இப்போதுதான் வந்தாள். என் வீட்டில் தங்கி ஆறு நாள் ஆயிற்று. ரெண்டு சந்து தள்ளி இருக்கிற நைனா இந்தப் பக்கம் தலைகாட்டவே இல்லை. செவ்வாய்க்கிழமை அவளுக்கு விமானம். ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு மட்டும் அவருக்கு எப்போதும் என் வீட்டில்தான். வந்து ஒரு வாய் சாப்பிட்டால் போதும் என்று தங்கை ராத்திரியெல்லாம் புலம்பினாள். "நீ எதையும் தொடாத. உன் ஊட்டுக்காரரே ஆக்கட்டும்" என்றேன். அதில் எனக்கு ஒரு கணக்கு இருந்தது.

எங்கள் வீட்டில் ஏது ஓவன்? பழவேற்காட்டில் எனக்குத் தெரிந்த பாய் வீட்டில் பிரியாணி அண்டாவை இரவல் வாங்கி வந்தேன். அடியில் கடற்கரை மணலைக் கொட்டிச் சூடேற்றினோம். தட்டில் மீன், அதன்மேல் பாலும் மாவும் வெண்ணெயும் சேர்த்துக் காய்ச்சிய குழம்பு, அதற்கும் மேல் மசித்த உருளைக்கிழங்கு. தட்டை மணல்மேல் வைத்து மூடி, மூடிமேல் தணலை அள்ளிப் போட்டேன். அரைமணி நேரத்தில் கிழங்கு பொன்னிறமாகி ஓரத்தில் குழம்பு கொதித்தது. மஞ்சள் இல்லை, மிளகாய் இல்லை, புளி இல்லை. ஆனால் வாசனை நன்றாகத்தான் இருந்தது, பொய் சொல்லக்கூடாது.

நைனா வந்தார். தங்கை இருந்த பக்கம் திரும்பாமல் உட்கார்ந்தார். தட்டில் வைத்ததும், "இன்னா இது?" என்றார்.

"கொடுவா. பால் ஊத்தி செஞ்சிது."

"மீனுக்குப் பாலா? எனக்கு வாணாம். தோல் வெளுத்துப்பூடும்."

எனக்கு வந்ததே கோபம்! "தெனம் காலையில மீன் கொழம்பு ஊத்தித் தின்னுட்டு, கை ஈரம் காயறதுக்குள்ள டீக்கடையில ரெண்டு டீ குடிக்கிறியே, அதுல இருக்கறது இன்னா, சுண்ணாம்புத் தண்ணியா? இத்தினி வருசத்துல எங்க வெளுத்துச்சு உனுக்கு?"

அவர் தட்டைப் பார்த்தபடியே, "ஊருக்கு முன்னால ஒரு வார்த்த சொன்னவன் நான்" என்றார்.

"அவ கையாலதான வாங்க மாட்டேன்னு சொன்ன? அவ கை இதுல படவேயில்ல. மீன் என் ஊட்டுக்காரர் புடிச்சது, ஆக்குனது மாப்ள. தின்னு."

நைனா முதல்முறையாக மாப்பிள்ளையை நிமிர்ந்து பார்த்தார். அந்த மனுஷன் கரண்டியோடு நின்றுகொண்டிருந்தார், வெயிலிலும் தணலிலும் முகமெல்லாம் சிவந்து. நைனா ஒரு வாய் எடுத்தார். நாக்கால் முள்ளைத் தேடினார். இல்லை. அப்புறம் வேகவேகமாகச் சாப்பிட்டார். தங்கை சுவரோரமாகக் கையைப் பிசைந்துகொண்டு நின்றாள். தன் கை படாததால்தான் இறங்குகிறது என்றால் அவளுக்கு எப்படி இருக்கும்?

கிழங்கை அப்படி அள்ளிப் போட்டால் சும்மா விடுமா? விக்கல் எடுத்தது. "தண்ணி" என்றார் என்னைப் பார்த்து. தண்ணி கேன் என் காலடியில்தான் இருந்தது. நான் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். கண்ணில் நீர் வர விக்கினார். நான் அசையவில்லை.

தங்கை வந்து குனிந்து, ஒரு டம்ளர் பிடித்து அவர் முன்னால் நீட்டினாள். டம்ளரைப் பார்த்தார். விக்கினார். மறுபடி பார்த்தார். "குடு" என்று வாங்கி ஒரே மூச்சில் குடித்துவிட்டு, "இன்னும் கொஞ்சம் ஊத்தும்மா" என்றார்.

அவள் அழுதாள். எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. இவ்வளவுதானா? ஒரு டம்ளர் தண்ணிதானா இது?

"இத அம்மா இருக்கறப்பவே குடிச்சிருந்தா இன்னா நைனா?"

அவர் தட்டில் மிச்சமிருந்த மீனை விரலால் மசித்தார். பிறகு, "முள்ளே இல்ல. இது உங்கம்மாவுக்கு எறங்கியிருக்கும்" என்றார்.

அந்தத் தட்டைப் பிடுங்கி வாசலில் வீசலாமா என்றிருந்தது எனக்கு. வீசவில்லை. மாப்பிள்ளை கையிலிருந்த கரண்டியை வாங்கித் தங்கையிடம் கொடுத்து, "நைனாவுக்கு இன்னும் கொஞ்சம் வை" என்றேன்.