கோல் விடும் நாள்

நகரசபையில் கிளார்க்காக இருக்கும் மோகனராஜ், வத்தேகமவிலிருந்து கண்டிக்குப் பஸ்ஸில் போய்வரும் நேரமெல்லாம் இல்லாத ஒரு நாட்டைப் பற்றி யோசிப்பார். அந்த நாட்டில் அரசனும் இல்லை, போரும் இல்லை. ஒரு நதியின் மூலத்தைத் தேடி நடக்கும் யாத்திரிகர்கள் மட்டும் இருந்தார்கள். அவர்களைப் பற்றி அவர் வாரந்தோறும் இணையத்தில் எழுதிய தொடருக்கு ஒரு சிறு வாசகர் கூட்டம் உண்டு. கதை சுமார்தான். அந்த யாத்திரிகர்களுக்காக அவர் செய்த பஞ்சாங்கம் அப்படியல்ல.

அதில் கிழமைகள் கிடையாது. காலடியில் எது படுகிறதோ அதுதான் மாதம்: கல், சேறு, புல், பனி. அன்றைக்கு எந்த மடத்தைப் போய்ச் சேர்ந்தார்களோ, அதன் பெயர்தான் நாளின் பெயர். மழை பிடித்து நடக்க முடியாமல் போனால் நாள் மாறாது; விடிந்தாலும் நேற்றுத்தான். வருஷத்தின் கடைசியில் மட்டும் பெயரில்லாத ஒரு நாள். யாத்திரை புறப்படுகிறவர்கள் கையில் ஒரு கோலை எடுத்துக்கொண்டு, வீட்டில் ஒரு கோலை வைத்துவிட்டுப் போவார்கள். திரும்பி வராதவர்களின் கோலை அந்த நாளில் கூட்டத்தின் தலைவர் ஆற்றில் விடுவார். கோல் போனால் ஆள் போனதாக அர்த்தம். அதற்குப் பிறகே புது வருஷம்.

டவுனில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருக்கும் நண்பர் ஸமீம்தான் எதையும் முதலில் வாசிப்பவர்.

"அது சரி மச்சான், அந்த ஆள் மௌத்தானத யாரு கண்ட?" என்று, இறந்ததற்குச் சாட்சி கேட்டார்.

"யாரும் காணல. அதுக்குத்தானே ஒரு நாள்."

"பிறையக் காணாம பெருநாள் அறிவிக்கிற ஆள இப்பத்தான் பாக்கிறன்."

இருவரும் சிரித்தார்கள். சிரித்ததோடு மோகனராஜ் அதை மறந்தும்விட்டார்.

அவருடைய அண்ணன் ஜனகன் ஆஸ்திரேலியாவுக்கென்று படகேறிப் போய்ப் பல வருஷங்கள் ஆகின்றன. படகு சேர்ந்த சேதியும் இல்லை, கவிழ்ந்த சேதியும் இல்லை. அண்ணி அனுஷியா பேராதனையில் ஒரு பாமசியில் மருந்து எடுத்துக்கொடுக்கும் வேலை பார்த்து மகள் நிஷாந்தியை வளர்த்தார். நெற்றியில் பொட்டு, கழுத்தில் தாலி. எவரும் அதைப் பற்றிப் பேசியதில்லை, நிஷாந்திக்குக் கடுகண்ணாவையிலிருந்து ஒரு வரன் வரும்வரை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை சீதா அத்தை மோகனராஜை அண்ணி வீட்டுக்கு வரச் சொன்னார். அப்பாவின் தங்கை, குடும்பத்தில் அவர் சொல்லுக்கு மறுசொல் குறைவு.

"அப்பன் இருக்காரா இல்லையான்னு மாப்பிள்ளை வீட்டுல கேக்குறாங்க. கல்யாணப் பத்திரிகையில அமரர்னு போடுறதா, சும்மா போடுறதா? ஒரு அமாவாசையப் பாத்து மகாவலிக் கரையில காரியத்தச் செஞ்சு முடிச்சிருவோம். பஞ்சாங்கம் பாக்கத் தெரிஞ்சவன் நீ. நாளக் குறிச்சுக் குடு."

"அண்ணிகிட்ட கேட்டீங்களா அத்தை?"

"அவகிட்ட கேட்டா நடக்குமா? நீயே எழுதியிருக்கியேடா, வராதவன் கோல ஆத்துல விட்டாத்தான் புது வருஷம்னு. நிஷாந்தி போன்ல வாசிச்சுக் காட்டுனா. நல்லாத்தான் எழுதியிருக்க."

அவர் எழுத்தை அத்தை மெச்சியது அதுதான் முதல் தடவை. குசினியில் தேங்காய் துருவும் சத்தம் நின்றது. அனுஷியா கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தார்.

"தம்பி, உங்க நாட்டுல அந்தக் கோல யாரு விடுறது?"

"கூட்டத்துத் தலைவர், அண்ணி."

"கோலு இருக்கிறது யாரு வீட்டுல?"

"போனவங்க வீட்டுல."

"அந்த வீட்டுல ஒருத்தி இருப்பாள்ல. அவகிட்ட யாரும் கேக்கலியா?"

"கதைக்குப் போய் நியாயம் பேசுறா பாரு" என்றார் அத்தை.

"கதைக்கு இல்ல, அத்தை. என் கழுத்துல இருக்கிறதக் கழட்டுறதுக்கு நாள் பாக்குறீங்க. என்ன ஒரு வார்த்த கேக்கணும்ல."

திரும்பவும் உள்ளே போய்த் தேங்காயைத் துருவத் தொடங்கினார்.

காலத்தைப் பற்றி மோகனராஜ் படித்த புத்தகங்கள் ஓர் அலுமாரி நிறைய இருந்தன. காத்திருப்பவளைக் கேட்க வேண்டும் என்று அவற்றில் எதுவும் அவருக்குச் சொல்லித்தரவில்லை. அல்லது அவர் அந்த இடத்தைக் கவனிக்காமல் பக்கத்தைப் புரட்டியிருப்பார். மடங்களையும் ஆறுகளையும் அத்தனை நுட்பமாக எழுதியவர், கோல் சாத்திவைத்திருந்த வீட்டுக்குள் ஒருமுறையும் போனதில்லை. அந்த நாளை யாருக்காக உண்டாக்கினோம் என்று இப்போது யோசித்துப் பார்த்தார். அண்ணனை எதிர்பார்த்து அலுத்துப்போனது அவர் மனம்தான். அண்ணி அலுத்ததாக ஒருபோதும் சொன்னதில்லை.

மறுநாள் அத்தையிடம் போனார். "நாள் குறிக்க என்னால முடியாது அத்தை. அண்ணி சொல்லாம வேற ஆள் குறிக்கவும் விடமாட்டேன்."

"இந்த வரன் போனா நீ கொண்டாந்து தருவியா?"

மோகனராஜ் செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கினார்.

அந்த வாரம் பஞ்சாங்கத்தைத் திருத்தினார். வருஷக் கடைசியில் தலைவர் கோல் இருக்கும் வீட்டு வாசலில் வந்து நின்று கேட்பார். "இன்னும் இல்ல" என்று உள்ளே இருப்பவள் சொன்னால் திரும்பிப் போய்விட வேண்டும். மற்றவர்களுக்குப் புது வருஷம் பிறக்கும். அந்த வீட்டில் மட்டும் பழைய வருஷம் நடக்கும். ஒரே தெருவில் இரண்டு வருஷமா, திருவிழாவை எதை வைத்துக் கணிப்பது என்று வாசகர்கள் சண்டைக்கு வந்தார்கள். பஞ்சாங்கமே கெட்டுவிட்டது என்று ஒருவர் எழுதினார். அது உண்மைதான். மோகனராஜ் அதை அப்படியே விட்டுவிட்டார். திருத்தியதையும் நிஷாந்தி அம்மாவுக்குப் போனில் வாசித்துக் காட்டியிருந்தாள்.

கடுகண்ணாவைக்காரர்கள் பெண் பார்க்க வந்தார்கள். தேத்தண்ணி குடித்து முடித்ததும் மாப்பிள்ளையின் தகப்பன் மெதுவாக அந்தப் பேச்சை எடுத்தார். அத்தை வாயைத் திறக்கப் போனார். "அண்ணி சொல்லுவாங்க" என்றார் மோகனராஜ்.

"கடல்ல போனாரு. இன்னும் சேதி இல்ல" என்றார் அனுஷியா. "அமரர்னு போட எனக்கு மனசு வராதுங்க."

வந்தவர் தன் மனைவியின் முகத்தைப் பார்த்தார். "யோசிச்சுச் சொல்றோம்" என்று எழுந்தார்கள்.

வேன் கிளம்பியதும் அத்தை தலையில் கைவைத்துக் கதிரையில் உட்கார்ந்துவிட்டார். நிஷாந்தி கோப்பைகளை அடுக்கி அம்மாவிடம் நீட்டினாள். அனுஷியா அவற்றை வாங்கிக்கொண்டு குசினி வாசலில் நின்றார்.

"அடுத்த வருஷமும் வந்து கேப்பீங்களா, தம்பி?"

"கேப்பேன் அண்ணி."