பேரிக்காய்க்குப் பத்து நாள்

வயிறு எரிகிறது, அதனால்தான் எழுதுகிறேன். ஓசூர் பக்கம் பேரிகை ஊர்ச் சந்தையில் பழக்கடை வைத்திருக்கும் ஜமீர் அகமது நான். சாந்தம்மாக்காவின் பதினான்கு பேரிக்காய் மரங்களுக்காக இந்த ஊரில் ஒருவருக்காவது வாய் திறக்கத் துப்பு இருந்திருந்தால், நான் பேனாவைத் தொட்டிருக்கவே மாட்டேன்.

அக்கா கல் குவாரியில் ஜல்லி உடைத்தவர். ரோஜாப் பண்ணையில் முள் கிழித்த கையோடு கூலி வேலை செய்தவர். வீட்டுக்காரர் ஆஞ்சப்பன் செத்த வருடம், மிச்சமிருந்த அரை ஏக்கரில் பேரிக் கன்றுகளை நட்டார். "குளுரு ஊரு காயி இங்க எங்க வரப்போவுது? இந்தம்மாவுக்குப் பைத்தியமா?" என்று ஊரே சிரித்தது. ஏழு வருடம் குடத்தில் தண்ணீர் சுமந்து ஊற்றினார். எட்டாம் வருடம் காய்த்தது. அப்போதிலிருந்து பதினைந்து வருடமாக ஆடி பிறந்தால் அவர் கூடை என் கடைக்கு வந்துவிடும்.

பேரிக்காயை மரத்திலேயே பழுக்க விட்டால் உள்ளே அழுகிப்போகும். கல்லு மாதிரி இருக்கும்போதே பறித்து, ராகி வைக்கோலுக்குள் பத்து நாள் புதைத்து வைக்க வேண்டும். பிறகு கடித்தால் சாறு முழங்கை வரை வழியும். சந்தையில் வெங்காயம் விற்கிறவருக்குக்கூட இது தெரியும்.

சர்வே எடுக்க வந்த இரண்டு மகானுபாவர்களுக்குத் தெரியவில்லை. சூளகிரிப் பக்கம் வரும் புதுத் தொழிற்பேட்டைக்குச் சாலை போட வந்தவர்கள் அவர்கள். பழத்தோட்டம் என்று எழுதினால் சாலை சுற்றிப் போகும். இல்லையென்றால் அக்காவின் நிலத்தின் மேலேயே போகும். ஒருவர் ஒரு காயைப் பறித்துக் கடித்தார், தூ என்று துப்பினார்.

"கட்டை மாதிரி இருக்கு. காட்டு மரம்னு போடுய்யா."

"பத்து நாளு பொறுங்க சார், பழுக்க வெச்சுக் காட்றேன்" என்று அக்கா கெஞ்சினார். அவர்கள் எழுதிக்கொண்டு போய்விட்டார்கள்.

அக்கா விடவில்லை. பத்து நாள் கழித்து, பழுத்த பழங்களோடு என்னையும் இழுத்துக்கொண்டு தாலுகா அலுவலகம் போனார். அதிகாரி இரண்டு பழம் தின்றார். கையைத் துடைத்துக்கொண்டு, "அருமை! ஓசூர்ல வாங்கினீங்களா? நம்ம மண்ணுல இது விளையாதேம்மா" என்றார்.

எனக்கு ரத்தம் கொதித்தது. தின்றவனுக்கு நாக்கு கூசவில்லையே! அக்கா பையிலிருந்து இலையோடு ஒரு பச்சைக் காயை எடுத்து மேசைமேல் டொக்கென்று வைத்தார்.

"இது காலைல பறிச்சது. உங்ககிட்டயே இருக்கட்டும். பத்து நாளு. பழுக்கலன்னா மரத்தை நானே வெட்டிப்புடறேன். அதுவரைக்கும் என் நெலத்துல ஒருத்தனும் கால வெக்கக் கூடாது."

"சரிம்மா, சரிம்மா" என்று சிரித்தபடி அவர் காயை மேசை டிராயரில் போட்டார்.

ஒன்பதாம் நாள் காலையிலேயே ஜேசிபி வந்துவிட்டது. நான் வண்டியை விரட்டிக்கொண்டு போனபோது பதினான்கும் சாய்ந்து கிடந்தன. அக்கா கீழே கிடந்த காய்களைப் பொறுக்கிப் பொறுக்கி அந்த இயந்திரத்தின் மேல் எறிந்துகொண்டிருந்தார்.

"டேய்! இன்னும் ஒரு நாளு இருக்குதுடா! ஒரே ஒரு நாளு!"

மறுநாள் மறுபடியும் அலுவலகம் போனோம். அதிகாரி கூட்டத்துக்குப் போயிருந்தார். எழுத்தர் சுமலதா எங்கள் முகத்தைப் பார்க்கவில்லை.

"அந்தக் காயி நேத்து பழுத்துடுச்சும்மா. சார் சாப்ட்டாரு. ரொம்ப நல்லா இருக்குன்னு சொன்னாரு."

அக்கா சுவர்ப் பக்கம் திரும்பினார். சுவரில் நம் வட்டாரத்தின் பழ உற்பத்திப் பட்டியல் ஒட்டியிருந்தது. அவருக்குப் படிக்கத் தெரியாது.

"அதுல நம்ம பேரிக்காயி பத்தி இன்னா போட்டிருக்கு, ஜமீரு?"

போன வருடம் நானே என் கடையில் நாற்பது கூடை விற்றேன். பேரிக்காய் வரிசையைப் பல்லைக் கடித்துக்கொண்டு படித்தேன்.

"போன வருசம், இல்லை. இந்த வருசம், இல்லை. மாற்றம், ஒன்றும் இல்லை."