தூண் இல்லாத கோயில்

தாம்பரத்தில் எங்கள் பழைய மாதா கோயிலை இடித்துவிட்டு, எண்பதுகளின் கடைசியில் புதிதாக வட்டமாகக் கட்டினார்கள். பீடம் நடுவில், சுற்றிலும் பெஞ்சுகள், உள்ளே ஒரு தூண்கூடக் கிடையாது. எல்லோருக்கும் பெருமை. எனக்கு மட்டும் பயம்.

எட்டாவதோடு படிப்பை விட்டவன் நான். தையல் கம்பெனியில் வேலை, வாடகை அறையில் தனி வாசம். பழைய கோயிலில் கடைசித் தூணுக்குப் பின்னால்தான் உட்காருவேன். அங்கே என்னை யாரும் பார்க்க முடியாது. புதுக் கோயிலிலோ எதிர் வரிசை முகமெல்லாம் என்னையே பார்ப்பது போல இருக்கும். சட்டை கசங்கியிருக்கிறதோ, பாட்டைத் தப்பாகப் பாடுகிறேனோ என்ற கவலையில், குனிந்த தலை நிமிராமலே பூசை முடிந்துவிடும்.

ஒருமுறை காய்ச்சலில் படுத்து இரண்டு ஞாயிறு போகவில்லை. எட்டிப் பார்க்க ஒருவரும் இல்லை. எழுந்து மார்க்கெட்டுக்குப் போனபோது, பூ விற்கும் அக்கா ஒருவர் என்னைக் கைதட்டிக் கூப்பிட்டார்.

“இன்னா தம்பி, ரெண்டு வாரமா கோயில்ல ஆளையே காணோம்?”

“அக்கா, நீங்க யாருன்னு...”

“நல்லா கேட்ட போ! வாராவாரம் உனக்கு எதிர்லதான் குந்திகினு கீறேன். நிமிர்ந்து பாத்தாதானே தெரியும்! உன் இடம் காலியா கீதேன்னு எனக்குப் பேஜாராப் போச்சு. உடம்பு சரியில்லையா?”

“காய்ச்சல்க்கா” என்று நிமிர்ந்து அவர் முகத்தைப் பார்த்துச் சொன்னேன்.

கடவுள் எந்நேரமும் நம்மைப் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று சின்ன வயதில் சொன்னபோதெல்லாம் எனக்குப் பயம்தான் வந்தது. அது ஆறுதலாகவும் இருக்கும் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.