மணி என் கையில் இருந்தது

அன்று மண்டபத்துக்குள் இருந்தவர்கள்: நாடகத்தை இயக்கிய பெண். நடித்தவர்கள் மூன்று பேர். சபைத் தலைவர். செயலாளராகிய நான். பட்டாசுக் கம்பெனி போர்மேன், அவரோடு வந்த கணக்குப்பிள்ளை. வேன் டிரைவர். அந்தக் கம்பெனியில் வெடிமருந்து கலக்கிற ரூமில் நடந்த விபத்தில் புருசனைப் பறிகொடுத்து, இன்னும் நாலு லட்சம் நஷ்டஈடு வர வேண்டியிருந்த பெண். இவர்கள் போக, நாடகம் பார்க்க வந்தவர்கள் முப்பத்தொரு பேர். ஆக நாற்பத்தொன்று. மடியில் கிடந்த பிள்ளைகள் இரண்டை நான் கணக்கில் சேர்ப்பதில்லை.

ஆளை எண்ணுவது சபையில் என் வேலை. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டு அச்சகத்தில் கட்டிங் மிஷினுக்குப் போனவன் நான். பட்டாசுப் பெட்டிக்கான லேபிளை வெட்டி எண்ணி, வெட்டி எண்ணி, எதையும் மூன்று தடவை எண்ணாமல் இருப்புக் கொள்ளாது. அன்றும் மூன்று தடவை எண்ணினேன். ஃபேன் கழன்று விழுந்தால் யார் தலையில் விழும் என்று பார்த்து நாலு நாற்காலிகளை நகர்த்திப் போட்டேன். ஃபேன் விழவில்லை.

சபை தொடங்கி அப்போது ஆறு வருசம். சிவகாசி அச்சகம் ஒன்றில் புரூஃப் பார்த்துப் பார்த்துக் கண் மங்கிப்போன ஒருவர்தான் தலைவர். "நாடகம் போடுறதுக்கு எவனாவது வந்துருவான். பாக்குறதுக்குத்தான் ஆளு இல்ல" என்பார். அதனால் சபைக்கு இரண்டே வேலை. நாடகமே பார்த்திராத கம்பெனி ஆட்களைக் கூட்டி வந்து உட்கார வைப்பது ஒன்று. நாடகமே போட்டிராத ஆளுக்கு முதல் நாடகத்துக்கான செலவைக் கொடுப்பது இன்னொன்று. முகூர்த்தம் இல்லாத ஆடியிலும் மார்கழியிலும் கல்யாண மண்டபத்தின் சாப்பாட்டு ஹால் பாதி வாடகைக்குக் கிடைக்கும். ஞாயிற்றுக்கிழமை சும்மா நிற்கிற கம்பெனி வேனை டீசல் போட்டு வாங்கி, தாயில்பட்டி, எம். புதுப்பட்டிப் பக்கம் அனுப்புவோம். டிக்கெட் பத்து ரூபாய். அதையும் டீயாகவும் சேவாகவும் திருப்பிக் கொடுத்துவிடுவோம்.

முதல் வருசம் ஒருத்தரும் வாயைத் திறக்கவில்லை. எப்படி இருந்தது என்று கேட்டால் "நல்லாருந்துச்சு" என்று சொல்லிவிட்டு வேனைப் பார்ப்பார்கள். இயக்கியவர் விடாமல் விளக்கம் சொல்லுவார். தலைவர் யோசித்து ஒரு சட்டம் போட்டார். நாடகம் முடிந்ததும் இயக்கியவரும் நடித்தவர்களும் மேடை ஓரத்தில் நிற்க வேண்டும். யார் என்ன சொன்னாலும் கால் மணி நேரம் வாய் திறக்கக் கூடாது. அதற்குப் பிறகு நான் கைமணியை ஆட்டுவேன். மணி அடித்த பிறகுதான் அவர்கள் பதில் பேசலாம். அதன் பின் பார்த்தவர்கள் கை தூக்குவார்கள். பாதிக்கு மேல் கை எழுந்தால் இரண்டாவது நாடகத்துக்கும் சபை செலவு செய்யும். இதற்கு 'நிற்கிற நேரம்' என்று பெயர் வந்துவிட்டது.

நல்ல சட்டம். எதிராளி பதில் பேச மாட்டான் என்று தெரிந்ததும் எல்லாருக்கும் நாக்கு வந்தது. "சோறு வடிக்கிற பானைல ஒரு சொட்டுத் தண்ணி இல்ல, எனக்கு அதுலயே கண்ணு போயிருச்சு" என்றாள் ஒருத்தி. அடுத்த நாடகத்தில் பானையில் தண்ணீர் இருந்தது.

இயக்கிய பெண்ணுக்கு வயது இருபத்தைந்து இருக்கும். பட்டாசுக்குத் திரி ஒட்டுகிற வேலை. நாலு வருசம் அந்த வேனில் பார்க்க வந்தவள்தான். நிற்கிற நேரத்தில் அவள் எழுந்தால் மேடையில் நிற்கிறவன் கடிகாரத்தைப் பார்ப்பான். ஒரு தடவை ஒருவரிடம், "அண்ணே, ஒங்க நாடகத்துல செத்தவருதான் நல்லா நடிச்சாரு" என்றாள். மண்டபமே சிரித்தது. அந்த மனிதர் அதற்குப் பிறகு நாடகம் போடவில்லை. ஆனால் பார்க்க வருவதை விடவில்லை.

புருசனை இழந்தவளும் அதே வேனில் வருகிறவள். அவள்தான் இவளைக் கேட்டாள். ஆஸ்பத்திரி வாசலில் உறவுக்காரர்கள் முன்னால் கம்பெனி பேசியது ஐந்தரை லட்சம். பிணத்தை எடுத்துப்போட ஐம்பதாயிரம் கொடுத்தார்கள். முப்பதாம் நாள் ஒரு லட்சம். அதோடு கேட்டைச் சாத்திவிட்டார்கள். பதினாலு மாசமாக, முதலாளி ஊரில் இல்லை என்கிற பதில்தான்.

"என் கதையப் போடு தாயி. நாலு பேரு பாத்துப் பேசுனா மொதலாளி காதுக்குப் போகும். மீதிய வீசி எறிஞ்சிருவாக. ரெண்டு பொட்டப் பிள்ளைய வச்சிருக்கேன்" என்றாள்.

"போடுவோம் மதினி. நீங்க கூட இருக்கணும்" என்றாள் இவள்.

எங்கள் அச்சகத்து மாடியில் நாலு ஞாயிற்றுக்கிழமை ஒத்திகை. நாலு வாரமும் புருசனை இழந்தவள் வந்தாள். விபத்தன்று அவளிடம் புருசனின் தூக்குவாளியைக் கொடுத்திருக்கிறார்கள். அந்த இடத்தில் நடித்த பெண் தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். புருசனை இழந்தவள் எழுந்து போய் அந்த நடிகையின் கையைப் பிடித்தாள்.

"அழுகாதத்தா. நான் அழுகல. மூடியத் தொறந்து, சோறு கெட்டுப் போச்சான்னு மோந்து பாத்தேன்."

எப்படி மோந்து பார்த்தாள் என்று காட்டியும் கொடுத்தாள். அடுத்த வாரம் தன்னுடைய மஞ்சள் சேலையைக் கொண்டுவந்து, "அன்னைக்குக் கட்டியிருந்தது இதுதான், இதையே கட்டட்டும்" என்றாள். சேலையை வாங்கி வைத்தது நான்.

நாடகத்தன்று போர்மேன் முன் வரிசையில் வந்து உட்கார்ந்தார். அவர்கள் கம்பெனி லேபிள்தான் என் மிஷினில் வருசத்தில் பாதி நாள் ஓடுவது. டீ டிரம் பக்கத்தில் புருசனை இழந்தவள் என்னை ஒதுக்கமாகக் கூப்பிட்டாள்.

"அண்ணாச்சி, நாளைக்குச் செக்கு தாரேன்னு சொல்லிட்டாக. ஆனா நான் எந்திரிச்சு நாலு வார்த்த பேசணுமாம், இது பூராவும் பொய்யின்னு."

"பேசுவியா?"

"பேசாம? அந்தப் பிள்ளைய மட்டும் பதில் பேச விட்றாதீக. அது வாயத் தொறந்தா என் நாலு லட்சம் போச்சு."

"சரித்தா" என்றேன்.

இயக்குகிறவள் பத்தடி தள்ளித் திரைச்சீலைக்கு ஊக்கு குத்திக்கொண்டிருந்தாள். போய்ச் சொல்லியிருக்கலாம். நான் சேவுப் பொட்டலங்களை எண்ணப் போனேன்.

நாடகம் முக்கால் மணி நேரம். தூக்குவாளியை மோந்து பார்த்த இடத்தில் சேவு தின்றுகொண்டிருந்த கைகள் நின்றுவிட்டன. ஆறு வருசத்தில் அப்படி ஒரு அமைதியை நான் பார்த்ததில்லை.

நிற்கிற நேரம் வந்தது. நாலு பேரும் மேடை ஓரத்தில் வரிசையாக நின்றார்கள். புருசனை இழந்தவள் எழுந்தாள்.

"செத்தவரு பொண்டாட்டி நான். எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டாளா இவ? கம்பெனிக்காரக என்னைக் கைவிடல. எனக்கு ஒரு குறையும் இல்ல. இவதான் என் புருசன் சாவப் பத்து ரூவா டிக்கெட்டுக்கு விக்கிறா."

இயக்கியவள் முதலில் லேசாகச் சிரித்தாள், மதினி ஏதோ விளையாடுகிறாள் என்பது போல. பிறகு போர்மேனைப் பார்த்தாள். பிறகு என்னை. வாயைத் திறக்கவில்லை. சட்டத்தை அவளைவிட நன்றாகத் தெரிந்தவர்கள் சபையில் கிடையாது.

ஒருத்தர் ஆரம்பித்தால் போதுமே.

"ஏத்தா, எங்க எல்லாரையும் என்ன பேச்சுப் பேசுன! இப்ப நில்லு, நல்லா நில்லு" என்றாள் ஒருத்தி.

செத்தவர் நன்றாக நடித்தார் என்று அன்று பேச்சு வாங்கியவர் பின் வரிசையில் எழுந்தார். வருசக்கணக்காக வைத்திருந்ததை எடுத்தார். "ஏம்மா, ஒன் நாடகத்துலயும் செத்தவன்தான் நல்லா நடிச்சான். அவனுக்கு என்ன சம்பளம் குடுத்த?"

சிரிப்பு.

"சேலையப் பாருங்க, அவ கட்டுற அதே மஞ்சச் சேல. கொடில கெடந்தத உருவிட்டு வந்துட்டாளோ?" என்றாள் இன்னொருத்தி.

இதற்குச் செத்தவர் பொண்டாட்டி தலையைக் குனிந்துகொள்வாள் என்று நினைத்தேன். நிமிர்ந்தே நின்றாள். "நாலு நாளா அந்தச் சேலையத்தான் காணும்னு தேடிக்கிட்டுத் திரியிறேன்" என்றாள். இதைப் போர்மேன் சொல்லிக்கொடுத்திருக்க மாட்டார். இது அவளே சேர்த்தது. போர்மேனுக்குச் சிரித்ததில் சேவு புரையேறிவிட்டது. கணக்குப்பிள்ளை முதுகைத் தட்டிவிட்டார்.

சேலையைக் கட்டியிருந்த நடிகை முந்தானையைக் கையில் சுருட்டிச் சுருட்டி மறைத்தாள். அதற்கும் ஒரு சிரிப்பு.

கால் மணி ஆனது. கடிகாரத்தைப் பார்த்தேன். இயக்கியவளும் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள், பிறகு என் கையை. மணியின் நாக்கை விரலால் பிடித்துக்கொண்டேன், தவறிக்கூடச் சத்தம் வந்துவிடக் கூடாது என்று. இருபது நிமிடம். இருபத்தைந்து. மணி அடித்தால் அவள் பேசுவாள். ஒத்திகையைச் சொல்வாள், சேலையைச் சொல்வாள், சாட்சிக்கு என்னைக் கூப்பிடுவாள். நாலு லட்சம் போய்விடும். அதற்காகத்தான் அடிக்கவில்லை என்று வெகு நாள் சொல்லிக்கொண்டிருந்தேன். விரல் மணியைப் பிடித்திருந்தபோது மனதில் ஓடியது என் கட்டிங் மிஷின்தான்.

போர்மேன் எழுந்து வேட்டியைத் தட்டிக் கட்டினார். "போதும்யா, பிள்ள பாவம். கை தூக்கச் சொல்லுங்க, வேனுக்கு நேரமாச்சு."

தலைவர் என்னைப் பார்த்தார். நான் மணியைப் பைக்குள் போட்டேன். அவர் தொண்டையைச் செருமி, "அடுத்த நாடகத்துக்குச் சம்மதம் இருக்கிறவுக கை தூக்குங்க" என்றார்.

டிரைவர் மட்டும் தூக்கினார். டிரைவருக்கு ஓட்டு கிடையாது.

மறுநாள் புருசனை இழந்தவளுக்குச் செக் கொடுத்தார்கள். இருபதாயிரத்துக்கு. மீதி தீபாவளி சீசன் முடிந்ததும் என்றார்கள். சீசன் முடிந்தது, கேட்டைச் சாத்திவிட்டார்கள். அவள் இப்போது எதைப் போய் யாரிடம் சொல்ல முடியும்? ஒரு குறையும் இல்லை என்று நாற்பது பேர் முன்னால் அவள் வாயாலேயே சொல்லியாகிவிட்டது. கணக்குப்பிள்ளை ஒவ்வொரு தடவையும் அதைத்தான் எடுத்துக் காட்டுகிறாராம்.

மஞ்சள் சேலையைத் துவைத்து, தேய்த்து, மடித்து என்னிடம் கொடுத்தனுப்பினாள் இயக்கியவள். கொண்டுபோனேன். சேலைக்காரி வீட்டு வாசலில் அக்கம்பக்கத்துப் பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். "இது என் சேல இல்லையே அண்ணாச்சி" என்றாள். திருப்பிக் கொண்டுவந்துவிட்டேன். என் வீட்டில்தான் இருக்கிறது. இது யார் சேலை என்று மனைவி கேட்டதற்குச் சபைச் சாமான் என்றேன்.

கம்பெனி சபைக்கு நாற்பது நாற்காலிகள் கொடுத்தது. முதுகில் கம்பெனி பெயர். தலைவர் வாங்கிக்கொண்டார், நான்தான் எண்ணி இறக்கினேன். இப்போது நிற்கிற நேரம் கிடையாது. நாடகம் முடிந்ததும் போர்மேன் மேடையேறித் துண்டு போர்த்துவார். எல்லாரும் "நல்லாருந்துச்சு" என்று சொல்லிவிட்டு வேனைப் பார்க்கிறார்கள்.

இயக்கியவள் வேனில் வருவதை நிறுத்திவிட்டாள். ஏழாயிரம்பண்ணைப் பக்கம் வேறொரு கம்பெனிக்குப் போகிறாள். காலையில் பஸ் ஸ்டாப்பில் பார்ப்பேன். முதல் தடவை அவளாகத்தான் கிட்ட வந்தாள்.

"மணி ஒங்க கையிலதான இருந்துச்சு, அண்ணாச்சி?"

"ஆமா" என்றேன். அவளும் நின்றாள், பஸ் வரும்வரை.

அதற்குப் பிறகு அதை அவள் கேட்டதில்லை. எப்போது பார்த்தாலும் வேறு ஒன்றுதான் கேட்பாள். போன வாரமும் கேட்டாள், ஜன்னல் ஓரத்தில் உட்கார்ந்துகொண்டு.

"மதினிக்குப் பணம் வந்துருச்சா?"

"வரும்."

"இன்னும் எம்புட்டு இருக்கு?"

பஸ் கிளம்பிவிட்டது. கூடவே நாலு எட்டு நடந்துகொண்டே சொன்னேன்.

"மூணு லட்சத்து எம்பதாயிரம்."